கந்தப்பளை வீதிக் கொரியாக் கடை: சுஜெபிக்காகப் போங்கள்

இந்தக் கடையைப் பற்றி இணையத்தில் இதுவரை எழுதியவர்களில் பாதிப் பேர் ஒரே குறையைத்தான் சொல்லியிருக்கிறார்கள்: "இது அசல் கொரியச் சாப்பாடு இல்லை." கொழும்பில் கொரிய உணவகங்களில் சாப்பிட்டவர்கள், கொரிய நாடகம் பார்த்து ஆசைப்பட்டு வந்தவர்கள், கொரியாவிலிருந்தே சுற்றுலா வந்தவர்கள் என்று மூன்று தரப்பும் அதையே எழுதிவிட்டு நட்சத்திரத்தைக் குறைத்துவிட்டுப் போகிறார்கள். எனக்கு அது பொறுக்கவில்லை. நான் நுவரெலியாவில் படிப்பிக்கும் ஆசிரியை. பாடசாலை விட்டதும் அடிக்கடி அங்கே போய் உட்காருகிறவள். அந்தச் சாப்பாடு யார் கையால், எந்த வழியாக இந்த மலைக்கு வந்தது என்று தெரிந்தால் அப்படி எழுத மனம் வராது. அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். நுவரெலியா டவுனிலிருந்து கந்தப்பளைக்குப் போகும் வீதியில், ஹாவாஎலியவைத் தாண்டி, மரக்கறித் தோட்டங்கள் தொடங்கும் இடத்தில் இருக்கிறது. பெயர்ப்பலகை கிடையாது. சிவப்புத் தகரக் கூரை, வாசலில் வரிசையாக மண் சாடிகள். பஸ்ஸில் "கொரியாக் கடை" என்று சொன்னால் இறக்கிவிடுவார்கள். உள்ளே ஐந்து மேசைதான். ஜன்னல் பக்கம் உட்கார்ந்தால் கீழே லீக்ஸ் பாத்தி, அதற்கு அப்பால் தேயிலை.

கடையை நடத்துபவர் ஐம்பது கடந்த ஒரு அக்கா. சியோலில் பிறந்து, ஏழு வயதில் பெற்றோரோடு லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போனவர். 1965இல் அமெரிக்கா குடிவரவுச் சட்டத்தை மாற்றிய பிறகு ஆசியாவிலிருந்து குடும்பம் குடும்பமாகப் போனார்களே, அந்த அலையில் போன குடும்பம். கணவர் இராகலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில் பிறந்து, படிப்புக்காக அமெரிக்கா போனவர். கணவருடைய அம்மா படுத்த படுக்கையானபோது இரண்டு பேரும் இங்கே வந்தார்கள். அந்த அம்மா காலமான பிறகும் திரும்பிப் போகவில்லை. சமையலறையில் அக்காவுக்குக் கைகொடுப்பவர் கொட்டகலைத் தம்பி ஒருவர். கொரிய மொழிப் பரீட்சை எழுதி, அரசாங்க வேலை ஒப்பந்தத்தில் கொரியாவுக்குப் போய், அன்சான் நகரத்தில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்த்துவிட்டு வந்தவர். இலங்கையிலிருந்து இப்படி ஆள் அனுப்புவது 2004இல் தொடங்கியது. போகிறவர்களில் நம் தோட்டத்துப் பிள்ளைகள் குறைவு. இந்தத் தம்பி கண்டியில் அறை எடுத்துத் தங்கி வகுப்புக்குப் போய்ப் படித்திருக்கிறார்.

சரி, சாப்பாட்டுக்கு வருகிறேன். போனால் முதலில் சுஜெபி கேளுங்கள், மாவைப் பிய்த்துப் போட்ட கொரியச் சூப். 700 ரூபாய். கோதுமை மாவை உப்புத் தண்ணீர் விட்டுப் பிசைந்து, ஈரத்துணி போட்டு மூடி வைக்கிறார்கள். நெத்தலிக் கருவாட்டைத் தலையும் குடலும் எடுத்துவிட்டு, கடற்பாசித் துண்டு ஒன்றோடு கொதிக்க வைத்து வடித்த சாறு அடுப்பில் இருக்கும். அதில் உருளைக்கிழங்கும் லீக்ஸும் போடுகிறார்கள். கிழங்கு பாதி வெந்ததும் அக்கா மாவு உருண்டையைக் கையில் எடுத்து, விரலால் இழுத்து, மெல்லிசாகப் பிய்த்துப் பிய்த்து உள்ளே போடுவார். வெந்த துண்டு மேலே மிதந்து வரும். பெரிய கோப்பையில் ஊற்றி, பச்சை மிளகாயும் எள்ளும் போட்ட சோயாச் சாறு தனியாகத் தருவார்கள். ஓரம் மெல்லிசாக, நடுவில் கொஞ்சம் தடிப்பாக, பல்லுக்கு வேலை கொடுக்கும் மாவு. மழை நாளில் அதைக் குடித்தால் காது வரை சூடு ஏறும்.

கொழும்புக்காரர் ஒருவர் இதை "வெறும் மாவுத் தண்ணீர்" என்று எழுதியிருக்கிறார். அந்த ஆள் சொன்னதில் ஒரு பாதி உண்மை இருக்கிறது. இது இல்லாதவர்களின் சாப்பாடுதான். 1950இலிருந்து 1953 வரை நடந்த யுத்தத்துக்குப் பிறகு கொரியாவில் அரிசி போதவில்லை. அமெரிக்க உதவியாக வந்த கோதுமை மா மூட்டைதான் அடுப்பை எரிய வைத்தது. அறுபதுகளிலும் எழுபதுகளிலும் அரசாங்கமே அரிசியைக் குறை, மாவைச் சாப்பிடு என்று சொல்லி, பாடசாலைகளில் பிள்ளைகளின் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து பார்க்க வைத்தது. சோற்றில் வேறு தானியம் கலந்திருக்கிறதா என்று ஆசிரியர்கள் பார்க்க வேண்டும். அக்காவின் அண்ணனுடைய பெட்டியையும் திறந்து பார்த்திருக்கிறார்கள். இதை அவர் சொன்னபோது எனக்கு என் வகுப்பறை நினைவுக்கு வந்தது. காலையில் சாப்பிடாமல் வரும் பிள்ளையை முகத்தைப் பார்த்தே கண்டுபிடிக்கிற தொழில் என்னுடையது. அந்த ஆசிரியர்கள் எப்படிப் பெட்டியைத் திறந்தார்களோ என்று யோசித்தேன்.

நம் கதையும் மாவுதானே. தோட்டத்தில் காலையில் ரொட்டி, மலைக்குக் கட்டிக்கொண்டு போவதும் ரொட்டி. தேங்காய் இருந்தால் தேங்காய் ரொட்டி, இல்லாவிட்டால் வெறும் ரொட்டியும் கட்டச்சம்பலும். 1973, 74இல் அந்த மாவும் கிடைக்காமல் தோட்டங்களில் சனம் பட்டினி கிடந்து செத்ததை அம்மா இன்னும் பேசுவார். அக்காவுக்கு ரொட்டி தட்டக் கற்றுக்கொடுத்தது அந்த இராகலை மாமியார். மருமகளுக்கு ஒரு சொல் தமிழ் தெரியாது, மாமியாருக்கு ஒரு சொல் ஆங்கிலம் தெரியாது. மாமியார் படுக்கையில் இருந்தபடி கையைக் காட்டிக் காட்டி மாவின் பதம் சொன்னாராம். மறுநாள் மருமகள் அதே மாவைப் பிய்த்துச் சூப்பில் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தாராம். அந்த அம்மா கடைசி மாதங்களில் விரும்பிச் சாப்பிட்டது அதைத்தான். இன்றைக்கும் அந்தக் கடையில் சுஜெபிக்கு மாவு பிசையும்போது ஒரு பிடி தேங்காய்ப்பூவைப் பால் பிழிந்து அந்தப் பாலைக் கொஞ்சம் விடுகிறார்கள். கொரியாவில் யாரும் அப்படிச் செய்யமாட்டார்கள். அதனால்தான் நான் இதற்காகப் போகிறேன்.

அடுத்தது கிம்ச்சி, மரக்கறியைப் புளிக்க வைத்துச் செய்யும் கொரிய ஊறுகாய். எந்தச் சாப்பாடு எடுத்தாலும் மூன்று சின்னக் கிண்ணத்தில் தொட்டுக்கொள்ள வரும்: சைனீஸ் கோவா கிம்ச்சி, முள்ளங்கி கிம்ச்சி, பயறு முளை. காசு இல்லை, கேட்டால் மறுபடி தருவார்கள். கோவாவும் முள்ளங்கியும் கீழே இருக்கும் பாத்தியிலிருந்தே வருகின்றன. உப்புப் போட்டு ஒரு ராத்திரி வைத்து, கழுவி, பிழிந்து, இலைக்கு இலை மசாலா தடவி, சாடியில் அடுக்குகிறார்கள். கொரியாவில் குளிர்காலம் தொடங்கும்போது ஊரே சேர்ந்து கிம்ச்சி போடுவார்கள். அந்த வழக்கத்தை 2013இல் யுனெஸ்கோ மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது. நுவரெலியாவில் வருஷம் முழுக்கக் குளிர். அதனால் சாடி அவசரப்படாமல் புளிக்கிறது. கொழும்பில் கிடைக்கும் கிம்ச்சியை விட இங்கே புளிப்பு மெதுவாக, ஆழமாக இருப்பதற்கு அதுதான் காரணம் என்று நான் நினைக்கிறேன்.

இதிலும் ஒரு குறை எழுதியிருக்கிறார்கள், "மாசிக் கருவாட்டு வாடை அடிக்கிறது" என்று. அடிக்கிறது. கொரியாவில் உப்பில் ஊறிய சின்ன இறாலும் மீன் சாறும் போடுவார்கள். 2022இல் நாட்டில் டொலர் இல்லாமல் போனபோது அந்த இறக்குமதிச் சாமான்கள் வரவில்லை. அக்கா சாடியை வெறுமையாக வைக்க விரும்பவில்லை. மாசியை இடித்துப் போட்டார். கொரிய மிளகாய்த்தூள் தீர்ந்ததும், காய்ந்த மிளகாயை விதை எடுத்துவிட்டு இடித்து உறைப்பைக் குறைத்தார். பிறகு சாமான் வரத் தொடங்கியும் மாசியை விடவில்லை. லாஸ் ஏஞ்சலிஸில் தன் அம்மா முதல் வருஷத்தில் நல்ல கோவா கிடைக்காமல் சாதாரண உருண்டைக் கோவாவில் கிம்ச்சி போட்டதைச் சொல்லி, "அதுதான் நான் வளர்ந்த ருசி, அதை யார் போலி என்று சொல்வது?" என்று கேட்டார். அந்தக் கேள்வியைக் கேட்கும்போது மட்டும் அவர் குரல் உயர்ந்தது.

எல்.ஏ. கல்பி என்று பட்டியலில் ஒன்று இருக்கும். கொரியர்கள் மாட்டு விலா எலும்பை நீளமாக வெட்டி, இறைச்சியை விரித்து வாட்டுவார்கள். குறுக்கே மெல்லிசாக வெட்டி, ஒரு துண்டில் மூன்று எலும்பு வட்டம் தெரிகிற வெட்டு லாஸ் ஏஞ்சலிஸ் கொரியர்களோடு சேர்த்துப் பேசப்படுகிறது. இப்போது சியோலிலேயே அந்த ஊர்ப் பெயரால்தான் விற்கிறார்கள். போனவர்கள் செய்ததைத் தங்கியவர்கள் வாங்கிச் சாப்பிடுகிறார்கள். இந்தக் கடையில் மாட்டிறைச்சி கிடையாது, வருகிறவர்களில் பாதிப் பேர் தொடமாட்டார்கள். பன்றி விலாவை அதே வெட்டில் வெட்டி, சோயா, பூண்டு, சீனி, பேரிக்காய்ச் சாறு போட்டு ஊறவைத்துச் சுடுகிறார்கள். 1,900 ரூபாய், இரண்டு பேருக்குப் போதும். நன்றாக இருக்கிறது, ஆனால் சில நாட்களில் இனிப்புக் கூடிவிடுகிறது.

புதேஜிகே எனக்குப் பிடிக்கவில்லை. யுத்தத்துக்குப் பிறகு அமெரிக்க இராணுவ முகாம்களிலிருந்து வெளியே வந்த டின் இறைச்சியையும் சொசேஜையும் கிம்ச்சியோடு போட்டுக் கொதிக்கவைத்த குழம்பு. கதை கேட்க நன்றாக இருக்கிறது, வாயில் உப்புக் கரிக்கிறது. டின் இறைச்சி விலையால் 2,800 ரூபாய் ஆகிறது. விருந்தாளியைக் கூட்டிக்கொண்டு போனால் மட்டும் பகிர்ந்து சாப்பிடலாம். பொரித்த கோழியையும் தவிர்த்துவிடலாம். என் மாணவிகள் அதற்காகவே போகிறார்கள், ஆனால் எண்ணெய் சரியாகக் காயாமல் போடுகிறார்களோ என்னவோ, மொறுமொறுப்பு சீக்கிரம் போய்விடுகிறது.

இப்போது நான் மனதில் வைத்திருக்கும் விஷயத்தைச் சொல்கிறேன்.

அக்காவும் தம்பியும் அடுப்படியில் பேசிக்கொள்வது கொரிய மொழியில். தம்பி பேசுவது தொழிற்சாலையில் பெரியவர்களிடம் பேசிப் பழகிய, மரியாதை தப்பாத கொரியம். அக்கா பேசுவது ஏழு வயதுப் பிள்ளை வீட்டில் பேசிய கொரியம். அதற்கு மேல் அவரோடு அது வளரவில்லை. கொரியச் சுற்றுலாக்காரர்கள் வந்தால் முகத்தைப் பார்த்து முதலில் அக்காவிடம்தான் பேசுவார்கள். அவர் பதில் சொன்னதும் முகம் மாறும். பிறகு தம்பியிடம் திரும்பிவிடுவார்கள். ஒரு தடவை நான் பக்கத்து மேசையில் இருந்தேன். வயதான ஒருவர், கொரிய முகத்தை வைத்துக்கொண்டு இப்படியா பேசுவது என்று கேட்டதாகத் தம்பி பிறகு என்னிடம் சொன்னார். அக்கா ஒன்றும் சொல்லவில்லை. சூப்பை வைத்துவிட்டு உள்ளே போனார். அந்த மனிதர் வைத்துவிட்டுப் போன குறிப்பில்தான் "அசல் இல்லை" என்ற சொல் முதலில் வந்தது.

அவர் சியோலில் போய் வாழ்ந்தும் பார்த்திருக்கிறார். வெளிநாட்டுக் கொரியர்களுக்கான சட்டம் 1999இல் வந்த பிறகு, தங்கி வேலை செய்ய விசா கிடைத்தது. ஆங்கிலம் படிப்பிக்கும் வேலைக்குப் போனார். ஒரு தனியார் வகுப்பில், பெற்றோர் வெள்ளைக்காரர்தான் வேண்டும் என்கிறார்கள் என்று சொல்லி அவரைத் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். லாஸ் ஏஞ்சலிஸில் பாடசாலையில் "நீ உண்மையில் எந்த ஊர்?" என்று கேட்டவர்கள், சியோலில் "நீ அமெரிக்கக்காரி" என்று சொன்னவர்கள், இரண்டு பக்கமும் அவருக்கு ஒரே மாதிரிக் கதவைக் காட்டியிருக்கிறார்கள்.

அதைக் கேட்டுக்கொண்டு என்னால் சும்மா இருக்க முடியவில்லை. எங்கள் பெரியப்பா குடும்பம் 1964 ஒப்பந்தப்படி இந்தியாவுக்குப் போக எழுதிக்கொடுத்து, தலைமன்னாரில் கப்பல் ஏறி, கோத்தகிரிப் பக்கம் தேயிலைத் தோட்ட வேலைக்கே போய்ச் சேர்ந்தது. அங்கே அவர்கள் இன்றைக்கும் சிலோன்காரர்கள். இங்கே எங்களைச் சனத்தொகைக் கணக்கில் இந்தியத் தமிழர் என்று எழுதினார்கள். ஒரே லயத்தில், தோட்டத்து வரிசை வீட்டில், பிறந்த அண்ணன் தம்பி, ஒருவர் அங்கே சிலோன், ஒருவர் இங்கே இந்தியா. 1964இல் இந்திய, இலங்கைப் பிரதமர்கள் இரண்டு பேரும் உட்கார்ந்து எங்கள் ஆட்களில் 525,000 பேர் அந்தப் பக்கம், 300,000 பேர் இந்தப் பக்கம் என்று பிரித்தபோது எங்கள் வீட்டில் யாரையும் கேட்கவில்லை. மீதி 150,000 பேரை 1974இல் பாதி பாதியாகப் பிரித்தார்கள். என் அப்பா இந்த மண்ணில் பிறந்து, இந்த மண்ணில் கவ்வாத்து வெட்டிக் கை காய்த்தவர். 1948 சட்டம் எடுத்த பிரஜாவுரிமை 2003 சட்டத்துக்குப் பிறகுதான் அவர் கைக்கு வந்தது. அந்தக் கடதாசியை அவர் பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்திருந்தார்.

நான் இதைச் சொல்லி முடித்ததும் அக்கா தன் பாடசாலைத் தோழன் ஒருவரைப் பற்றிச் சொன்னார். யுத்தத்துக்குப் பிறகு பல பத்தாண்டுகளாகக் கொரியாவிலிருந்து ஏறக்குறைய 200,000 பிள்ளைகள் வெளிநாடுகளுக்குத் தத்துக் கொடுக்கப்பட்டார்கள், பெரும்பாலும் அமெரிக்காவுக்கு. அந்தத் தோழனும் அப்படிப் போன குழந்தை. வளர்த்தவர்கள் பிரஜாவுரிமைக்கு விண்ணப்பம் போட மறந்துவிட்டார்கள். அவர் வரி கட்டினார், கல்யாணம் கட்டினார். கடவுச்சீட்டு எடுக்கப் போனபோதுதான் தான் அமெரிக்கர் இல்லை என்று தெரிந்தது. தத்துப் பிள்ளைகளுக்குத் தானாகவே பிரஜாவுரிமை கொடுக்கிற சட்டம் 2000இல் வந்தது, ஆனால் 2001 பெப்ரவரியில் 18 வயது நிரம்பியிருந்தவர்களை அது சேர்க்கவில்லை. அப்படி விடுபட்டவர்களில் சிலரைக் கொரியாவுக்கே நாடு கடத்தியிருக்கிறார்கள். மொழியும் தெரியாது, ஆளும் தெரியாது. அக்கா இதைச் சொல்லும்போது தம்பி பாத்திரம் கழுவுவதை நிறுத்திவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார்.

சுவரில் இரண்டு படம் மாட்டியிருக்கிறார்கள், போனால் பாருங்கள். ஒன்று இராகலை மாமியார், கூடை தலையில், நெற்றியில் கயிற்றுத் தழும்பு. மற்றது ஹவாய்த் தீவில் கரும்புத் தோட்டக் குடியிருப்பு. 1903 ஜனவரி 13இல் கேலிக் என்ற கப்பலில் 102 கொரியர்கள் ஹொனலுலுவில் இறங்கினார்கள். 1905க்குள் ஏறக்குறைய ஏழாயிரம் பேர் போய்ச் சேர்ந்தார்கள். அமெரிக்கக் கொரியர்களின் கதை அந்தக் கரும்புக் காட்டில்தான் தொடங்குகிறது. அந்தப் படத்தை வாங்கியவர் அக்காவின் கணவர். ஹொனலுலுவில் ஒரு கடையில் அதைப் பார்த்ததும், வரிசையாக நிற்கும் அந்தப் பலகை வீடுகள் தன் லயத்தைப் போலவே இருந்ததால் நகர முடியவில்லை என்றார். அங்கே ஒவ்வொரு தொழிலாளிக்கும் எண் பொறித்த தகடு உண்டு. சம்பளம் வாங்குவதும் தோட்டக் கடையில் கடன் எழுதுவதும் அந்த எண்ணில்தான். இங்கே 1901 தொடக்கம் நம் ஆட்களை இந்தியாவிலிருந்து தோட்டங்களுக்குக் கூட்டி வந்தது டின் டிக்கட்டில், அதுவும் எண் பொறித்த தகரம். இரண்டையும் ஒரே காலத்து ஆட்கள் ஒன்று சேர்ந்து யோசித்தார்களா என்று கேட்கத் தோன்றும். ஹவாய்க்குப் போனவர்கள் அமெரிக்கப் பிரஜையாக விண்ணப்பிக்க 1952 வரை சட்டம் இடம் கொடுக்கவில்லை.

1992 ஏப்ரல் 29 பற்றி அக்கா ஒரே ஒரு முறைதான் பேசினார். கறுப்பின மனிதர் ஒருவரை அடித்த பொலிஸ்காரர்களை நீதிமன்றம் விடுவித்த அன்றைக்கு லாஸ் ஏஞ்சலிஸ் எரிந்தது. கொரியர்களின் கடைகள் இரண்டாயிரத்துக்கும் மேல் சேதமாயின. அதில் ஒன்று அவருடைய அப்பாவின் பலசரக்குக் கடை. காப்புறுதிப் பணம் முழுவதும் கைக்கு வரவில்லை. அதற்கு முந்தைய வருஷம் 15 வயதுக் கறுப்பினப் பிள்ளை ஒன்றைக் கொரியக் கடைக்காரப் பெண் ஒருவர் சுட்டுக் கொன்றதையும், அவருக்குச் சிறைத் தண்டனை கிடைக்காமல் போனதையும் அக்காவே சொன்னார். "அதை விட்டுவிட்டு என் அப்பாவின் கடையை மட்டும் சொன்னால் நான் பாதிக் கதை சொன்னவளாவேன்" என்றார். 1983 ஜூலையில் நுவரெலியா டவுனில் எரிந்த கடைகளில் எங்கள் மாமாவின் கடையும் ஒன்று. நான் அப்போது சின்னப் பிள்ளை, புகை வாசம் மட்டும் நினைவிருக்கிறது. நாங்கள் இரண்டு பேரும் அன்றைக்கு அதற்கு மேல் பேசவில்லை. அவர் எனக்கு இன்னொரு கோப்பை தேத்தண்ணி ஊற்றினார்.

இவ்வளவும் தெரிந்த பிறகு, மாசி போட்ட கிம்ச்சியும் தேங்காய்ப்பால் விட்ட சுஜெபியும் எனக்குக் கொரியச் சாப்பாடுதான். அமெரிக்காவில் வளர்ந்த கொரியப் பெண், மலையகத்து மாமியாரிடம் கற்று, கொட்டகலைப் பையனோடு சேர்ந்து, கந்தப்பளைக் கோவாவில் சமைக்கிற கொரியச் சாப்பாடு. சியோலில் கிடைப்பதுதான் வேண்டுமென்றால் சியோலுக்குப் போகலாம். இந்தச் சாப்பாட்டுக்கு இந்த வீதிக்குத்தான் வர வேண்டும். இதற்கு நட்சத்திரத்தைக் குறைப்பது அநியாயம்.

குறைக்க வேண்டிய இடங்கள் வேறு இருக்கின்றன. சோறு. கொரிய அரிசி விலை தாங்காது என்று கீரிச் சம்பாவைக் கூடத் தண்ணீர் விட்டு வேகவைக்கிறார்கள், ஒட்டுவதற்காக. ஒட்டுகிறது, ஆனால் குழைந்துவிடுகிறது. பிபிம்பாப் என்ற கொரியக் கலவைச் சோற்றைக் கிளறும்போது கஞ்சியாகிறது. அதில் முட்டையும் கரட்டும் கீரையும் நன்றாக இருப்பதால் சோற்றின் குறை இன்னும் எடுப்பாகத் தெரிகிறது. சாப்பாடு வர நேரமாகும், பசியோடு போகாதீர்கள். கழிவறை வெளியே, பின்பக்கம், படி இறங்க வேண்டும், மழையில் வழுக்குகிறது. கைப்பிடி ஒன்று போடச் சொல்லி நானும் சொல்லிவிட்டேன், இன்னும் போடவில்லை. முழங்கால் வலி உள்ள பெரியவர்களைக் கூட்டிப் போகிறவர்கள் கவனம். வங்கி அட்டை எடுக்கமாட்டார்கள், காசாகக் கொண்டுபோங்கள். ஏப்ரல் சீசனில் ஐந்து மேசைக்கு வெளியே ஆள் நிற்கும், அந்த மாதம் நான் போவதே இல்லை.

பேச்சு பற்றி ஒன்று. அக்காவுக்கு இப்போது கொஞ்சம் தமிழ் வருகிறது. "வாங்க", "காரம் போதுமா", "இன்னும் கொஞ்சம் போடவா" எல்லாம் இராகலைத் தோட்டத்துப் பேச்சில், மாமியாரின் இழுப்போடு வரும். சிரிக்காதீர்கள். பதிலைத் தமிழிலேயே மெதுவாகச் சொல்லுங்கள், அவர் அதைத்தான் விரும்புகிறார். தம்பி அவரை "இமோ" என்று கூப்பிடுவார், கொரியாவில் சாப்பாட்டுக் கடை நடத்தும் பெண்களை அப்படித்தான் கூப்பிடுவார்களாம். நீங்கள் அக்கா என்று கூப்பிட்டால் போதும். உங்கள் பிள்ளை கொரியாவுக்குப் போக நினைத்தால் தம்பியிடம் மத்தியானம் கூட்டம் குறைந்த பிறகு கேளுங்கள். பரீட்சை எப்படி, தொழிற்சாலையில் என்ன கஷ்டம், கையில் எவ்வளவு மிஞ்சும் என்று மறைக்காமல் சொல்லுவார். முகவருக்குக் காசு கட்டுவதற்கு முன் அவரிடம் ஒரு தடவை பேசிவிடுவது நல்லது. என் மாணவன் ஒருவனுடைய வீட்டார் அப்படிக் கேட்டதால் ஒரு பெரிய தொகை தப்பியது.

பகல் 11 மணிக்குத் திறந்து இரவு 7 மணிக்கு மூடுகிறார்கள். திங்கட்கிழமை விடுமுறை. கிம்ச்சி போத்தலில் வாங்கலாம், 950 ரூபாய், முதல் நாளே சொல்லிவைத்தால் புளித்தது வேண்டுமா, புதியது வேண்டுமா என்று கேட்டுத் தருவார்கள். கொழும்புக்குக் கொண்டுபோகிறவர்கள் புதியதை வாங்குங்கள். மலை இறங்க இறங்கச் சூட்டில் புளிப்பு வேகம் எடுக்கும், வழியில் ஒரு தடவை மூடியைத் திறந்து காற்றை விட்டுவிடுங்கள், இல்லாவிட்டால் பை முழுக்கச் சிவப்பாகிவிடும்.